கடலில் பிடித்தார்கள், வானில் விட்டார்கள்

2020 ஜூன் 16 அன்று உலக வர்த்தக அமைப்பின் நடுவர் குழு ஒரு தீர்ப்பை வெளியிட்டது. வழக்குத் தொடுத்தது கத்தார். பதில் சொல்ல வேண்டிய இடத்தில் இருந்தது சவூதி அரேபியா. தீர்ப்பு வெளியானதும் இரண்டு நாடுகளுமே தாங்கள் வென்றதாக அறிவித்துக்கொண்டன. முழுவதும் படித்தால், இரு தரப்புக்கும் அப்படிச் சொல்லிக்கொள்ள ஏதோ ஒரு பக்கம் கிடைக்கத்தான் செய்கிறது. வரலாற்றிலேயே மிகத் துணிச்சலான தொலைக்காட்சித் திருட்டைப் பற்றிய தீர்ப்பு இப்படி இரண்டு பக்கமும் இழுபடும்படி அமைந்துவிட்டது. எல்லை தாண்டிய ஒளிபரப்புத் திருட்டை உலக நாடுகள் சேர்ந்து ஒடுக்க முடியுமா என்ற கேள்விக்கு இந்த ஒரு வழக்கே போதிய சான்று தருகிறது. என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தனி ஆளையும் கும்பலையும் ஒடுக்க முடிகிறது. பின்னால் ஓர் அரசின் நிழல் விழுந்துவிட்டால் மொத்த ஏற்பாடும் கைகட்டி நிற்கிறது.

2017 ஜூன் 5 அன்று சவூதி, அமீரகம், பஹ்ரைன், எகிப்து ஆகிய நாடுகள் கத்தாருடன் உறவை முறித்துக்கொண்டன. தோஹாவிலிருந்து இயங்கும் பீஇன் ஸ்போர்ட்ஸ் நிறுவனம்தான் மத்தியக் கிழக்கு, வட ஆப்பிரிக்கா முழுவதற்கும் உலகக் கோப்பைக் கால்பந்தின் ஒளிபரப்பு உரிமையைப் பெருந்தொகை கொடுத்து வாங்கியிருந்தது. சவூதியில் அந்த நிறுவனத்துக்குத் தடை விழுந்தது. ஆகஸ்டில் பீஅவுட்க்யூ என்ற பெயரில் ஒரு புதிய சேவை தலைகாட்டியது. அது எதையும் தானாகத் தயாரிக்கவில்லை. பீஇன் ஒளிபரப்பையே எடுத்து, சில நொடிகள் பிந்தி, பத்து சேனல்களில் மறுபடி ஓட விட்டது. திரையின் மூலையில் பீஇன் லோகோ இருந்த இடத்தின் மேல் தன் லோகோவை ஒட்டியது. 2018இல் ரஷ்யாவில் நடந்த உலகக் கோப்பையின் 64 ஆட்டங்களும் அப்படியே போயின. அதற்கென்று தனி செட்டாப் பாக்ஸ், தனி சந்தா. அதே பெட்டிக்குள் இணையம் வழியாக ஆயிரக்கணக்கான பிற சேனல்களையும் திரைப்படங்களையும் காட்டும் செயலிகள் வேறு.

ஒரு படம் வெளியான அன்றே இணையத்தில் கசிவதைப் பார்த்துப் பழகிய நமக்குத் திருட்டு என்றால் ஓர் அறை, ஒரு கணினி, முகம் தெரியாத நாலு பேர் என்றுதான் தோன்றும். ஆனால் செயற்கைக்கோள் வழியாக ஒளிபரப்ப வேண்டுமென்றால், அதில் சிக்னலைப் பெற்றுத் திருப்பி அனுப்பும் டிரான்ஸ்பாண்டரை வாடகைக்கு எடுக்க வேண்டும். தரையிலிருந்து சிக்னலை மேலே அனுப்ப நிலையம் வேண்டும். சந்தா கட்டியவருக்கு மட்டும் படம் தெரியும்படி பூட்டு போட வேண்டும். பெட்டிகளைத் தயாரித்துக் கடைகடையாகச் சேர்க்க வேண்டும். இதற்கு முதலீடு தேவை. அதைவிட முக்கியமாக, யாரும் வந்து கதவைத் தட்டமாட்டார்கள் என்ற நிச்சயம் தேவை. கியூப, கொலம்பிய முதலீட்டில் நடப்பதாக அந்தச் சேவை தன்னைப் பற்றிச் சொல்லிக்கொண்டது. ஆனால் சிஸ்கோ, நாக்ரா, ஓவரான் என்ற மூன்று தொழில்நுட்ப நிறுவனங்கள் தனித்தனியே ஆராய்ந்தபோது சிக்னல் அராப்சாட் செயற்கைக்கோள்களிலிருந்து வருவது தெரிந்தது. அரபு லீக் நாடுகள் 1976இல் தொடங்கிய அராப்சாட்டின் தலைமையகம் ரியாத். பெரிய பங்குதாரர் சவூதி. அராப்சாட் மறுத்தது. 2019 செப்டம்பரில், கால்பந்து அமைப்புகள் கூட்டாக ஏற்பாடு செய்த மார்க்மானிட்டர் ஆய்வறிக்கையும் அந்த மூன்று நிறுவனங்கள் கண்டதையே உறுதிப்படுத்தியது. அதற்கு ஒரு மாதம் முன்பே செயற்கைக்கோள் ஒளிபரப்பு நின்றுவிட்டிருந்தது.

இந்த இடத்தில் கொஞ்சம் பின்னே போக வேண்டியிருக்கிறது. அனுமதியற்ற ஒளிபரப்பை உலக நாடுகள் ஒடுக்கிக் காட்டிய காலமும் ஒன்று உண்டு. 1964இல் நெதர்லாந்தின் நோர்ட்வைக் கரைக்கு அப்பால், நாட்டின் கடல் எல்லையைத் தாண்டி, கடலடியில் கால் ஊன்றிய ஒரு மேடை எழுந்தது. எண்ணெய் எடுக்கும் மேடை போலத் தோன்றும் அதை அயர்லாந்தின் கார்க் நகரில் கட்டிக் கொண்டுவந்து நிறுத்தியிருந்தார்கள். அதற்கு ரெம் தீவு என்று பெயர். அங்கிருந்து வானொலியும், ஆகஸ்ட் 15 முதல் தொலைக்காட்சியும் கரைக்கு ஒளிபரப்பாயின. விளம்பரத்துக்கு இடமில்லாத அன்றைய டச்சு தொலைக்காட்சிக்குப் பழகியிருந்த மக்கள், விளம்பரங்களோடு வந்த அமெரிக்கத் தொடர்களை ஆவலோடு பார்த்தார்கள். மேடை கடலடியில் ஊன்றி நிற்கிறது, கடலடி நம்முடையது என்ற வாதத்தில் டச்சு நாடாளுமன்றம் ஒரு சட்டம் செய்தது. டிசம்பர் 17 அன்று படையினர் மேடையில் இறங்கி ஒளிபரப்பை நிறுத்தினார்கள். அடுத்த மாதமே, 1965 ஜனவரியில், ஸ்ட்ராஸ்பர்க்கில் ஓர் ஐரோப்பிய உடன்படிக்கை பிறந்தது. கடலில் இருக்கும் நிலையத்தைத் தொட முடியாவிட்டாலும், அதற்குப் பொருள் கொடுப்பவர், நிகழ்ச்சி தயாரிப்பவர், விளம்பரம் தருபவர் எல்லோரையும் அவரவர் நாட்டில் தண்டிக்கலாம் என்றது அது. 1982இல் ஐ.நா. கடல் சட்ட உடன்படிக்கை இன்னும் ஒரு படி மேலே போனது. நடுக்கடலிலிருந்து அனுமதியின்றிப் பொதுமக்களுக்கு ஒளிபரப்புவோர் மீது, கப்பல் எந்த நாட்டுக் கொடியைத் தாங்குகிறதோ அந்த நாடு மட்டுமல்ல, சிக்னல் எட்டுகிற எந்த நாடும் வழக்குத் தொடரலாம், கைது செய்யலாம், கருவிகளைப் பறிமுதல் செய்யலாம் என்று அதன் 109ஆம் பிரிவு சொல்கிறது.

சிக்னல் எங்கே போய்ச் சேருகிறதோ அங்கே அதிகாரம் உண்டு. இதைவிடத் தெளிவான விதி இந்தத் துறையில் பிறகு எழுதப்படவேயில்லை. ரெம் தீவின் கதையில் இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. அந்த மேடையை மூடியவர்கள் அதைப் பார்த்த மக்களை மறந்துவிடவில்லை. ரெம் தொலைக்காட்சியின் வழித்தோன்றலாக உருவான ட்ரோஸ் அமைப்புக்குச் சட்டபூர்வமான பொது ஒளிபரப்பிலேயே நேரம் ஒதுக்கப்பட்டது. திருட்டு வழி அடைபட்டபோது நேர்வழி ஒன்று திறந்தது.

வானத்துக்கு வந்ததும் அந்தத் தெளிவு போய்விட்டது. 1974இல் பிரஸ்ஸல்ஸில் கையெழுத்தான செயற்கைக்கோள் உடன்படிக்கை, தனக்கு உரியதல்லாத சிக்னலை எடுத்து விநியோகிப்பவர்களைத் தடுக்கும்படி நாடுகளுக்குச் சொல்கிறது. ஆனால் பொதுமக்கள் நேரடியாக வீட்டில் பெறும்படி அனுப்பப்படும் செயற்கைக்கோள் சிக்னலுக்கு இது பொருந்தாது என்று அதன் 3ஆம் பிரிவு கழன்றுகொள்கிறது. இன்று வீட்டுக்கு வீடு இருக்கிற டிஷ் ஆண்டெனாவை அந்தக் காலம் எதிர்பார்க்கவில்லை. இந்த ஓட்டையை அடைக்க ஜெனீவாவில் உலக அறிவுசார் சொத்து அமைப்பு 1998 முதல் ஒளிபரப்பாளர்களுக்கான புதிய உடன்படிக்கையைப் பேசிக்கொண்டிருக்கிறது. கால் நூற்றாண்டு தாண்டியும் கையெழுத்துக்கு வரவில்லை.

பாதிக்கப்பட்டவர்கள் சும்மா இருந்தார்களா? இல்லை. ஃபிஃபா, யூஈஎஃப்ஏ, ஆசியக் கால்பந்துக் கூட்டமைப்பு, பிரீமியர் லீக், லா லிகா, புந்தஸ்லிகா, செரி ஆ ஆகிய ஏழு அமைப்புகள் சவூதி நீதிமன்றத்தில் வழக்குப் போட முயன்றன. 2019 ஜூலையில் அவை வெளியிட்ட கூட்டறிக்கையை நான் இந்த விவகாரத்தின் மிக முக்கியமான ஆவணமாகக் கருதுகிறேன். ஒன்பது சவூதி வழக்கறிஞர் நிறுவனங்களை அணுகியதாகவும், சில நேரடியாக மறுத்ததாகவும், சில முதலில் ஒப்புக்கொண்டு பிறகு விலகிக்கொண்டதாகவும் அது சொல்கிறது. ஃபிஃபாவின் பணத்துக்கே வக்கீல் கிடைக்காத ஊரில் சட்டப் புத்தகத்தில் என்ன எழுதியிருந்தால் என்ன?

அதே அமைப்புகளின் மறுபக்கத்தையும் எழுதியாக வேண்டும். திருட்டைக் கண்டித்த செரி ஆதான் 2019 ஜனவரியில் தன் சூப்பர் கோப்பை ஆட்டத்தை ஜெத்தாவில் கொண்டுபோய் நடத்தியது. அடுத்த ஆண்டு ஸ்பெயினின் சூப்பர் கோப்பையும் அங்கேயே போனது. 2034 உலகக் கோப்பையை ஃபிஃபா சவூதிக்கே கொடுத்துவிட்டது. கண்டன அறிக்கையில் கையெழுத்துப் போடும்போதே அடுத்த ஒப்பந்தத்துக்கும் பேனாவைத் திறந்து வைத்திருப்பவர்கள் மீது எந்த அரசுக்கும் பயம் வராது. விளையாட்டு அமைப்புகளின் கையில் ஒரே ஓர் ஆயுதம் இருந்தது: திருட்டு நிற்கும்வரை அங்கே வந்து ஆடமாட்டோம் என்று சொல்வது. அதை அவை எடுக்கவேயில்லை.

இனி தீர்ப்பு. கத்தார் பிடித்துக்கொண்டது டிரிப்ஸ் என்று அறியப்படும் அறிவுசார் சொத்து உடன்படிக்கையை. சவூதி தன் தரப்பில் வைத்தது அதன் 73ஆம் பிரிவை. போர் அல்லது சர்வதேச உறவில் நெருக்கடி நிலவும் காலத்தில் தன் பாதுகாப்புக்கு இன்றியமையாதவை என்று ஒரு நாடு கருதும் நடவடிக்கைகளுக்கு அது விலக்கு அளிக்கிறது. நடுவர் குழு படிப்படியாகப் போனது. உறவு முறிந்த நிலை நெருக்கடிதான் என்று ஏற்றது. பீஇன் நிறுவனம் சவூதியில் வழக்கறிஞர் அமர்த்த முடியாதபடி அரசின் நடவடிக்கைகள் தடுத்தன என்று கண்டது; இது உடன்படிக்கைக்கு முரண். பீஅவுட்க்யூவை நடத்துவோர் சவூதியின் அதிகார எல்லைக்குள் இருப்பவர்கள் என்பதற்கு முகாந்திரம் இருக்கிறது என்றும், அப்படியிருந்தும் குற்றவியல் நடவடிக்கை எதுவும் பாயவில்லை என்றும் கண்டது, இதுவும் முரண். உலகக் கோப்பையின்போது அந்தத் திருட்டு ஒளிபரப்பைப் பொது இடங்களில் கூட்டம் கூட்டிக் காட்டுவதற்கு அரசுத் தரப்பே ஊக்கம் கொடுத்ததையும் பதிவு செய்தது. ஆயிரக்கணக்கான பெட்டிகளைப் பறிமுதல் செய்ததாக சவூதி சொல்லிவந்ததை இந்தப் பதிவோடு வைத்துப் பார்க்க வேண்டும்.

பிறகு பாதுகாப்பு விலக்கு. கத்தார் நாட்டவரோடு எந்தத் தொடர்பும் கூடாது என்பது சவூதியின் கொள்கை; வழக்கறிஞர் கிடைக்காமல் செய்ததை அதோடு இணைத்துப் பார்க்க முடிகிறது; ஆகவே அது விலக்கில் அடங்கும் என்றது குழு. திருடனைத் தண்டிக்காமல் விட்டதற்கும் அந்தக் கொள்கைக்கும் சம்பந்தமே இல்லை, ஆகவே அதற்கு விலக்கு இல்லை என்றது.

இந்த இரண்டாவது முடிவு மிகச் சரியானது. அதன் காரணமும் அழுத்தமானது. ஒரு குற்றவாளி மீது சவூதியின் சொந்த அரசு வழக்கறிஞர் சவூதி நீதிமன்றத்தில் வழக்குப் போட எந்தக் கத்தார்க்காரரோடும் கை குலுக்கத் தேவையில்லை. திருடப்பட்டதும் கத்தாரின் சொத்து மட்டுமல்ல. ஐரோப்பியக் கிளப்புகளின் ஆட்டம், பல நாட்டுப் படைப்பாளிகளின் உழைப்பு எல்லாம் அதில் இருந்தன. நாட்டின் பாதுகாப்பு என்ற சொல்லைச் சொல்லிவிட்டால் எல்லாக் கதவும் மூடிவிடும் என்று நம்பிய அரசுகளுக்கு, அந்தச் சொல்லுக்கும் செய்த காரியத்துக்கும் தொடர்பு காட்டியாக வேண்டும் என்று சொன்னது இந்தத் தீர்ப்பின் பெருமை.

முதல் முடிவில் நான் குழுவோடு உடன்படவில்லை. வழக்கறிஞரை மறுப்பது மற்றத் தடைகளைப் போன்ற ஒன்றல்ல. எல்லா உரிமைகளுக்கும் வாசல் அதுதான். விமானத்தை நிறுத்தலாம், சரக்கை நிறுத்தலாம். எதிர்த்தரப்புக்கு நீதிமன்றப் படி ஏறவே ஆள் கிடைக்காமல் செய்வதைக் குழு குறைந்தபட்சப் பொருத்தம் இருக்கிறதா என்ற எளிய அளவுகோலால் அளந்து விட்டுவிட்டது. 2019இல் ரஷ்யா, உக்ரைன் சரக்குப் போக்குவரத்து வழக்கில் உருவான அளவுகோல் அது. லாரிகள் எந்த வழியாகப் போகலாம் என்பதற்குப் பொருந்திய அளவு, நீதி கேட்கும் உரிமைக்கும் பொருந்தும் என்று எடுத்துக்கொண்டது தவறு. சவூதி வெற்றி என்று அறிவிக்க இடம் கிடைத்ததும் இந்த ஓட்டையில்தான்.

தீர்ப்புக்குப் பிறகு நடந்தது இன்னும் கசப்பானது. ஜூலை 28 அன்று சவூதி மேல்முறையீடு செய்தது. மேல்முறையீட்டு அமைப்பில் விசாரிக்க ஆள் இல்லை. புதிய உறுப்பினர்களை நியமிக்க அமெரிக்கா தொடர்ந்து மறுத்ததால் 2019 டிசம்பரிலேயே அது செயலிழந்திருந்தது. ஆள் இல்லாத இடத்தில் கொடுத்த மனு தீர்ப்பை அப்படியே முடக்கிப் போட்டது. அதே ஜூலையில் சவூதியின் போட்டி ஆணையம் பீஇன் நிறுவனத்துக்கு ஒரு கோடி ரியால் அபராதம் விதித்து உரிமத்தை நிரந்தரமாக ரத்து செய்தது.

முடிச்சு அவிழ்ந்தது வேறு இடத்தில். 2021 ஜனவரி 5 அன்று அல்-உலா மாநாட்டில் வளைகுடா நாடுகள் சமாதானமாயின. சவூதியின் பொது முதலீட்டு நிதி தலைமையிலான குழு இங்கிலாந்தின் நியூகாசில் யுனைடெட் கிளப்பை வாங்க 2020இல் முயன்று, பிரீமியர் லீக்கின் ஒப்புதல் இழுபட்டதால் பின்வாங்கியிருந்தது. 2021 அக்டோபர் 6 அன்று சவூதி பீஇன் மீதான தடையை நீக்குகிறது என்ற செய்தி வந்தது. 7ஆம் தேதி நியூகாசில் கைமாறியது. கிளப்பை சவூதி அரசு கட்டுப்படுத்தாது என்ற சட்டபூர்வ உறுதிமொழி கிடைத்ததே காரணம் என்று லீக் சொன்னது. அது ஒரு காரணமாக இருந்திருக்கலாம். ஒரு நாள் இடைவெளியில் இரண்டும் நடந்ததைப் பார்த்தவர்கள் வேறு காரணத்தையும் சேர்த்து எண்ணினால் அவர்களைக் குறை சொல்ல முடியாது. 2022 ஏப்ரலில் இரு நாடுகளும் வழக்கை முடித்துக்கொள்வதாக உலக வர்த்தக அமைப்புக்குத் தெரிவித்தன. தீர்ப்பு ஏற்கப்படாமலே போனது. உடன்படிக்கை எதுவும் சாதிக்காததை ஒரு கால்பந்து கிளப்பின் விற்பனையும் அரச குடும்பங்களின் சமாதானமும் சாதித்தன. திருடியவர்களில் ஒருவர்கூட கூண்டில் ஏறவில்லை.

பீஇன் மீது எனக்குப் பரிவு அதிகமில்லை என்பதையும் சொல்ல வேண்டும். அதுவும் கத்தார் அரசின் பணத்தில் வளர்ந்த நிறுவனம். இருபதுக்கும் மேற்பட்ட நாடுகளில் ஒரே கையில் எல்லா ஆட்டமும் என்ற ஏகபோகத்தைப் பார்வையாளர்கள் விரும்பவில்லை; சவூதி அந்தக் கோபத்தைத்தான் பயன்படுத்திக்கொண்டது. இங்கிலாந்தின் போர்ட்ஸ்மவுத்தில் மதுவிடுதி நடத்திய கேரன் மர்ஃபியின் வழக்கு இங்கே நினைவுக்கு வரும். உள்ளூர்ச் சந்தா கட்டுப்படியாகாமல் கிரேக்க டீகோடர் அட்டையைப் பணம் கொடுத்து வாங்கிப் பிரீமியர் லீக் ஆட்டங்களைக் காட்டியவர் அவர். கீழ் நீதிமன்றத்தில் குற்றவாளி என்றார்கள். 2011இல் ஐரோப்பிய நீதிமன்றம், ஒன்றியத்துக்குள் வேற்று நாட்டு அட்டை வாங்குவதைத் தடுக்க முடியாது என்று சொன்னது. உரிமையாளர்கள் திருட்டு என்று அழைப்பதெல்லாம் திருட்டு ஆகிவிடாது என்பதற்கு அந்தத் தீர்ப்பு ஆதாரம். ஆனால் மர்ஃபி காசு கொடுத்தார். பணம் ஆட்டத்தின் உரிமையாளருக்கே போய்ச் சேர்ந்தது. பீஅவுட்க்யூ வாங்கிய சந்தா ஆடியவருக்கும் போகவில்லை, படம் பிடித்தவருக்கும் போகவில்லை. ஏகபோகம் கெட்டதுதான். அதற்கு மருந்து போட்டிச் சட்டம்.

அரசின் நிழல் இல்லாத இடங்களில் காவல்துறைகளின் கூட்டு வேலை நன்றாகவே நடக்கிறது. 2023இல் இங்கிலாந்தில் ஃபிளாலெஸ் என்ற சட்டவிரோத சேவையை நடத்திய ஐவருக்குச் சேர்த்து முப்பது ஆண்டுகளுக்கும் மேல் சிறை கிடைத்தது. 2024 நவம்பரில் இத்தாலியின் கத்தானியாவிலிருந்து தொடங்கிய நடவடிக்கை பல நாடுகளில் ஒரே நேரத்தில் பாய்ந்து, 2 கோடியே 20 லட்சம் பேர் பார்த்த வலையமைப்பைத் துண்டித்தது. இவை உண்மையான வெற்றிகள். ஆள் அகப்பட்டான், கருவி அகப்பட்டது.

முடக்கும் கருவிகளைப் பற்றி அப்படிச் சொல்ல முடியவில்லை. ஆட்டம் நடக்கும்போதே திருட்டு ஒளிபரப்பை அடைக்க வேண்டும், இல்லாவிட்டால் பயனில்லை என்பது நியாயமான வாதம். இத்தாலி 2023இல் சட்டம் செய்து, புகார் வந்த 30 நிமிடத்துக்குள் இணைய நிறுவனங்கள் முடக்க வேண்டும் என்ற ஏற்பாட்டைக் கொண்டுவந்தது. 2024 அக்டோபரில் ஒரு சனிக்கிழமை மாலை அதே ஏற்பாடு கூகுள் டிரைவின் ஒரு முகவரியை முடக்கியது. சம்பந்தமே இல்லாதவர்கள் தங்கள் கோப்புகளை எடுக்க முடியாமல் நின்றார்கள். நமக்கு இது புதிதல்ல. 2012இல் ‘3’ திரைப்படத்துக்காகச் சென்னை உயர் நீதிமன்றத்தில் பெற்ற ஆணையை வைத்து இணைய நிறுவனங்கள் விமியோ உள்ளிட்ட முழுத் தளங்களையே மூடிவிட்டன. அடுத்த சில வாரங்களில் நீதிமன்றமே, குறிப்பிட்ட முகவரிகளை மட்டும்தான் முடக்கலாம் என்று திருத்தியது. அந்தத் திருத்தத்தில் இருந்த நிதானம் பல ஆண்டு கழித்து எழுந்த இத்தாலிய ஏற்பாட்டில் இல்லை. முடக்கியது தவறு என்றால் உடனே முறையிட ஓர் இடமும், தவறாகப் புகார் கொடுத்தவருக்கு அபராதமும் இல்லாமல் இப்படிப்பட்ட வேகத்தை ஏற்க முடியாது.

ஆக, இன்றைய ஏற்பாடு எளியவனிடம் வேகமாகவும் வலியவனிடம் தயக்கமாகவும் நடந்துகொள்கிறது. இதற்கு மாற்று இருக்கிறது. ஜெனீவாவில் இழுபடும் உடன்படிக்கை வரைவில் கடல் சட்டத்தின் 109ஆம் பிரிவிலுள்ள விதியை அப்படியே எடுத்து வைக்க வேண்டும்: திருட்டு சிக்னல் எட்டும் எந்த நாட்டு நீதிமன்றமும் அதை நடத்துபவர் மீதும், தெரிந்தே டிரான்ஸ்பாண்டர் வாடகைக்குக் கொடுப்பவர் மீதும் வழக்கு எடுக்கலாம். அப்படி ஒரு விதி 2017இல் இருந்திருந்தால், ரியாத்தில் வக்கீல் கிடைக்காத ஃபிஃபா அந்த சிக்னல் விழுந்த இன்னொரு நாட்டில் வழக்குப் போட்டிருக்கும். பாதுகாப்பு விலக்கு குற்றவியல் நடவடிக்கைக்குப் பொருந்தாது என்ற நடுவர் குழுவின் முடிவையும், ஏற்கப்படாத தீர்ப்பில் அது கிடந்து மங்குவதற்குள், உடன்படிக்கையின் வாசகமாகவே எழுதிவிட வேண்டும். நிகழ்ச்சியின் மீது புதிய சொத்துரிமை எதுவும் வேண்டாம், சிக்னலை மட்டும் காத்தால் போதும் என்று இந்தியா அந்த மேசையில் நெடுங்காலமாகச் சொல்லிவருகிறது. அது சரியான நிலைப்பாடு. அதை விட்டுக்கொடுக்கத் தேவையில்லை. அந்த மேசையில் இந்தியா கூடுதலாகக் கேட்க வேண்டியவை இந்த இரண்டு விதிகள்தான்.